மேனேஜர் விற்ற கடைசி மெஷின்

மேனேஜரின் மேசையை ஃபோர்க்லிஃப்ட் தூக்கிக்கொண்டு போன காலைதான் அவரை நினைக்கும்போது முதலில் வருகிறது. குளிர்சாதன அறையிலிருந்து ஆட்கள் அதை வாசல்வரை இழுத்து வந்தார்கள். அங்கிருந்து ஃபோர்க்லிஃப்ட் அதைத் தூக்கிப் போய், முற்றத்தின் கடைசியில் சுண்ணாம்புக்கல் மலைக்கு அடியில் நின்றிருந்த ஒரு பெரிய போரிங் மெஷினுக்குப் பக்கத்தில் வைத்தது. இழுப்பறைகளைக் காலி செய்ய யாரும் அவருக்கு அவகாசம் தரவில்லை. வழியெல்லாம் பேனாக்களும் விசிட்டிங் கார்டுகளும் கொட்டிக்கொண்டே போயின. மேனேஜர் டை கட்டிய கழுத்தோடு பின்னால் நடந்து, குனிந்து குனிந்து அவற்றைப் பொறுக்கினார். மாடிச் சன்னலில் நின்றிருந்த முதலாளி எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னார்: "நீ கேட்டு வாங்குன மெஷின்தானே லா! பக்கத்துலயே உக்காந்து வித்துக் குடு. அது என்னிக்கு கேட் தாண்டிப் போகுதோ, அன்னிக்கு நீயும் போலாம்."

எங்கள் கம்பெனி மலேசியாவின் ஈப்போ நகருக்கு வெளியே, குனோங் ராபாட்டைத் தாண்டி, கோப்பெங் போகும் வழியில், பழைய ஈயச் சுரங்க நிலத்தில் இருந்தது. அடுக்குமாடிகளுக்கும் பாலங்களுக்கும் தூண் இறக்குவதற்காகப் பூமியில் கிணறு போல ஆழமாகத் துளை போடும் மெஷின்களை வாங்கி விற்பதுதான் தொழில். ஜப்பானில் ஓடித் தேய்ந்தவற்றைக் கப்பலில் இறக்கி, பழுது பார்த்து, பெயிண்ட் அடித்து, புதியவை போல நிறுத்துவோம். நான் அங்கே விலை விவரம் எழுதி அனுப்பும் வேலையில் சேர்ந்தபோது தலைநகரில் ரயில் பாதையும் நெடுஞ்சாலையும் கோபுரங்களும் ஒரே நேரத்தில் எழும்பிக்கொண்டிருந்தன. நாடு முழுவதும் தோண்டினார்கள். மெஷின் கப்பலில் வரும்போதே விலை பேசி முடிந்திருக்கும். அந்த நாட்களில் விற்பனை மேனேஜர் என்றால் ஈப்போவில் ஒரு சின்ன ராஜா. எங்கள் மேனேஜருக்கு அது தெரியும். மற்றவர்களுக்கும் தெரிய வேண்டும் என்பதில் அவர் கவனமாக இருந்தார்.

வாடிக்கையாளர்கள் முன்னால் என்னை அறிமுகப்படுத்தும்போது, "இது ரப்பர் தோட்டத்துப் பொண்ணு. அம்மா பால்மரம் வெட்டுனாங்க, இது எனக்கு விலை வெட்டிக் குடுக்குது" என்பார். வந்தவர்கள் சிரிப்பார்கள். நானும் சிரிக்க வேண்டும்; சிரிக்காவிட்டால், "கோவம் வருது பாருங்க" என்று அதற்கும் ஒரு சிரிப்பு. அவரும் பாகான் செராய் பக்கம் ஏதோ ஒரு ரப்பர் தோட்டத்து லய வீட்டில் பிறந்தவர்தான் என்பது எனக்குப் பின்னால் தெரிந்தது. அதைத் தெரிந்துகொண்டதால் வலி குறைந்துவிடவில்லை.

எனக்கு நேர்ந்தது பேச்சோடு போனது. ஃபோர்மன் அண்ணனுக்கு அப்படி இல்லை. பட்டறையைப் பார்த்துக்கொண்ட அவர் அதிகம் பேசாதவர். ஒருமுறை, ஒரு மெஷினின் நிமிர்ந்த கம்பத்தில் விரிசல் இருக்கிறது, கம்பத்தையே மாற்ற வேண்டும் என்று அவர் சொன்னார். "ஒட்டு வச்சு பெயிண்ட் அடி. வாங்குறவன் ஏணி வச்சா பாக்கப் போறான்?" என்றார் மேனேஜர். அந்த மெஷினை ஒரு சின்னக் கண்டிராக்டர் வாங்கினார். வேலையிடத்தில் கம்பம் ஒட்டுப் போட்ட இடத்தில் முறிந்து விழுந்து, பிழைக்க வந்த ஒரு வங்காளதேசத்துப் பையனின் கால் போனது. கண்டிராக்டர் கண் சிவந்து வந்து நின்றபோது மேனேஜர் ஃபோர்மன் அண்ணனை அழைத்து எல்லார் முன்னாலும் மன்னிப்புக் கேட்க வைத்தார். ஒட்டு வேலையில் கவனக்குறைவு என்று அவர் வாயாலேயே சொல்ல வைத்தார். அண்ணனுக்கு அப்போது வீட்டில் கைக்குழந்தை; சொன்னார். கண்டிராக்டர் போன பிறகு மேனேஜர் என்னிடம் திரும்பி, "வித்ததோட நம்ம வேலை முடிஞ்சிச்சு. இரும்புக்கு நான் என்ன தாலியா கட்டியிருக்கேன்?" என்றார். பிறகு ஒரு கிளாஸ் தே தாரேக் டீ வாங்கி வரச் சொன்னார்.

அந்தப் பெரிய மெஷினை அவர் வற்புறுத்தி வாங்க வைத்தது நல்ல காலத்தின் உச்சத்தில். இதைவிடப் பெரிய வேலைகள் வரப்போகின்றன, சின்ன மெஷின் வைத்திருப்பவனை யாரும் சீண்ட மாட்டார்கள் என்று முதலாளியின் காதில் ஓதினார். அது துறைமுகத்தில் இறங்கியபோது ஆட்சி மாறியிருந்தது. பெரிய வேலைகள் சிலவற்றை நிறுத்தினார்கள், சிலவற்றை ஒத்திப் போட்டார்கள். வாடகைக்குப் போன மெஷின்கள் வரிசையாகத் திரும்பி வந்தன. அதே சமயத்தில் சீனாவிலிருந்து புத்தம்புது மெஷின்கள், எங்கள் பழைய ஜப்பான் மெஷினின் விலைக்கே, மாதத் தவணையோடு வந்து இறங்கின. உத்தரவாதத்தோடு புதியது கிடைக்கும்போது தேய்ந்ததை யார் வாங்குவார்? ஒரு வருடம் முன்புவரை எங்கள் வாசலில் காத்திருந்தவர்கள் தொலைபேசியை எடுக்கவில்லை. முற்றத்தில் புல் முளைத்தது.

முதலாளி மேனேஜரை வேலையைவிட்டு நீக்கியிருக்கலாம். நீக்கவில்லை. அவருக்குச் சாப்பாட்டுக்குப் பிறகு சன்னல் ஓரம் நின்று, வெயிலில் உட்கார்ந்திருக்கும் அந்த மனிதரைப் பார்ப்பது பிடித்துப்போனது. மழைக்கு ஒதுங்க ஒரு காலிக் கொண்டெய்னரைப் பக்கத்தில் போட்டுக் கொடுத்தார். பகலில் அது அடுப்பு. மின்விசிறி கேட்டதற்கு, "மெஷினை ஓட்டுங்க, காத்து வரும்" என்று சொல்லி அனுப்பினார். மேனேஜரும் போகவில்லை. மகள் வெளிநாட்டில் மருத்துவம் படித்துக்கொண்டிருந்தாள். அந்த வயதில், ஆட்களைக் கழித்துக்கொண்டிருந்த அந்தத் தொழிலில், வேறு யாரும் அவரை எடுக்கத் தயாராக இல்லை. தினமும் சட்டையை உள்ளே விட்டு, டை கட்டி வந்து, அந்த மேசையில் உட்கார்ந்தார். பட்டறைப் பையன்கள் போகும்போதும் வரும்போதும் அவருக்குச் சலாம் வைத்தார்கள். எனக்கு இரக்கம் வந்தது என்று இப்போது எழுதினால் அது பொய்.

மெஷினைப் பார்க்க எப்போதாவது யாராவது வருவார்கள். அவர்களை முற்றத்துக்கு அழைத்துப் போவது என் வேலை. ஜொகூரிலிருந்து வந்த ஒருவரிடம் மேனேஜர் பேசியதைக் கேட்டபோது என் காதையே நான் நம்பவில்லை. "ஓடுன மணி காட்டுற மீட்டர நம்பாதீங்க, திருப்பி வச்சது. மேல சுத்துற தலையில பாரம் ஏறுனா எண்ணெய் ஒழுகும். கம்பத்துல ரெண்டு இடத்துல ஒட்டு இருக்கு, வாங்க காட்டுறேன்." வந்தவர் மிரண்டு போனார், நன்றி சொல்லிவிட்டுக் காரில் ஏறிவிட்டார். அடுத்து வந்தவருக்கும் அதே கதை. வாழ்நாள் முழுக்கப் பொய் சொல்லி விற்றவர், விற்காமல் இருப்பதற்காக உண்மை பேச ஆரம்பித்திருந்தார். மெஷின் நிற்கும்வரை சம்பளம் நிற்காது. நான் அதை மாடியில் சொல்லவில்லை. அவர் என்னைப் பார்த்த பார்வையில், சொல்லாதே என்ற கெஞ்சல் இருந்தது. அதை இன்னும் கொஞ்ச நாள் பார்க்க வேண்டும் போலிருந்தது.

பிறகு இந்தோனேசியாவின் மேடான் நகரிலிருந்து ஒரு கண்டிராக்டர் வந்தார். பாத்திக் சட்டை போட்ட, வயதான, பொறுமையான மனிதர். ரிங்கிட்டின் மதிப்பு விழ விழ எங்கள் பழைய மெஷின்கள் கடலுக்கு அந்தப் பக்கம் மலிவாகத் தெரிந்த நேரம் அது. மேனேஜர் தன் பாட்டை மலாயில் பாடினார். மீட்டர், எண்ணெய், ஒட்டு. பெரியவர் ஒவ்வொன்றையும் குனிந்து பார்த்தார், விரலால் தடவினார். சொன்ன இடத்தில் சொன்ன குறை இருந்தது. அவர் முகம் மலர மலர மேனேஜரின் முகம் வெளுத்தது. "வேணாம் ஐயா, இது உங்களுக்கு ஆகாது. திரும்பத் திரும்பச் செலவு வைக்கும்" என்றார் மேனேஜர். பெரியவர் அவர் தோளில் கை வைத்தார். எத்தனையோ ஊரில் மெஷின் வாங்கியிருக்கிறேன், எல்லாரும் மறைத்துத்தான் விற்றார்கள், குறை இவ்வளவுதான் என்று தெரிந்தால் பழுது பார்த்துக்கொள்ள என்னால் முடியும் என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, "ஓராங் இனி ஜூஜூர்" என்றார். இந்த ஆள் நேர்மையானவர். அன்றே விலை முடிந்தது.

நீண்ட டிரெய்லர் லோரியில் மெஷினை ஏற்றிய நாளில் முதலாளி எல்லாரையும் முற்றத்துக்கு வரச் சொன்னார். கேக் வாங்கியிருந்தார். "யாராலயும் விக்க முடியாதத மேனேஜர் வித்துட்டாரு. கை தட்டுங்க லா" என்றார். தட்டினோம். கேக்கை வெட்டி ஊட்டிவிட்டு, அதே கையை நீட்டிக் கம்பெனிக் காரின் சாவியைக் கேட்டார். மேனேஜர் வாயில் கேக்கோடு சாவியை எடுத்துக் கொடுத்தார். வீட்டுக்கு எப்படிப் போவது என்று அவர் நின்றதைப் பார்த்து லோரி டிரைவர்தான் கதவைத் திறந்தார். அவர் விற்ற மெஷினைச் சுமந்த லோரியிலேயே, டிரைவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, கேட்டைத் தாண்டிப் போனார். ஃபோர்மன் அண்ணன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை.

சில மாதங்கள் கழித்து மேடான் பெரியவர் கம்பெனிக்கு அழைத்தார். மலேசியாவில் தனக்காகப் பழைய மெஷின் பார்த்து வாங்க நம்பிக்கையான ஆள் வேண்டும், அந்த மேனேஜரின் நம்பர் கிடைக்குமா என்று கேட்டார். முதலாளி நாங்கள் எல்லாரும் கேட்கும்படி போனை ஸ்பீக்கரில் போட்டு மேசைமேல் வைத்து, குரலைத் தாழ்த்திக்கொண்டு, அவர் இறந்துவிட்டார் என்று சொன்னார். மறுமுனையில் பெரியவர் மெல்லிய குரலில் பிரார்த்தனை சொன்னார். முதலாளி வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பில் குலுங்கினார்.

அன்று மாலை பஸ் நிறுத்தத்தில் நின்று மேனேஜரை அழைத்து, நடந்ததைச் சொல்லி, பெரியவரின் நம்பரைக் கொடுத்தேன்.

"எனக்கு எதுக்கு சொல்ற? நான் ஒனக்கு என்ன நல்லது செஞ்சேன்?" என்றார்.

"ஒன்னும் செய்யல சார். ஆனா உயிரோட இருக்குறவர செத்துட்டாருன்னு சொன்னது பொறுக்கல."

"எப்படிச் செத்தேன்னு சொன்னான்?" என்று கேட்டுவிட்டுச் சிரித்தார். நன்றி சொல்லவில்லை.

அதன் பிறகு தொழில் எழும்பவே இல்லை. பெருந்தொற்றில் மாதக்கணக்கில் எல்லாம் மூடிக் கிடந்தன. முதலாளி காலம் தாழ்த்தி ஒரு சீன மெஷினுக்கு ஏஜென்சி எடுத்தார். அந்தக் கம்பெனியே தலைநகரில் கடை திறந்து நேரடியாக விற்க ஆரம்பித்ததும் அதுவும் கையைவிட்டுப் போனது. கடைசியில் முற்றத்தில் நின்ற எல்லாவற்றையும் மொத்தமாகத் தள்ளிவிட முடிவு செய்து, அவரே மேடானுக்குப் போன் போட்டார். என் ஆள் வந்து பார்ப்பார் என்று பதில் வந்தது.

வந்த காரிலிருந்து மேனேஜர் இறங்கினார். முதலாளி வாசற்படியில் அப்படியே நின்றுவிட்டார். "என்ன முதலாளி, என் சாவுக்குக்கூட வரலையே நீங்க" என்றார் மேனேஜர். பிறகு மெஷின் வரிசையை ஒட்டி நடந்தார். ஒவ்வொரு மெஷினிலும் எங்கே விரிசல், எங்கே ஒட்டு, எந்த மீட்டர் திருப்பியது என்று சொல்லிக்கொண்டே போனார். அத்தனையையும் மறைக்கச் சொன்னவர் அவர்தான்; ஒன்றும் மறந்திருக்கவில்லை. முதலாளியைப் பின்னால் வெயிலில் நடக்கவிட்டு, ஒவ்வொன்றுக்கும் நின்று, விலையைப் பழைய இரும்பின் விலைக்குக் கொண்டுவந்து முடித்தார். முதலாளி கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எல்லாவற்றுக்கும் தலையாட்டினார்.

முற்றம் காலியானால் எங்களுக்கும் வேலை இல்லை என்று எல்லாருக்கும் தெரிந்துவிட்டது. ஃபோர்மன் அண்ணன் கையை மண்ணெண்ணெயில் கழுவி, சட்டை மாற்றி, தலை சீவிக்கொண்டு கேட்டோரம் வந்து நின்றார். "தங்கச்சி, நீ ஒரு வார்த்த கேட்டுப் பாரு. இந்த மெஷினெல்லாம் என் கையில இருந்தது. மேடானுக்குக் கூப்புட்டாலும் வாரேன்னு சொல்லு. பழச நான் மனசுல வச்சுக்கல" என்றார். நான் காரருகே போய்க் கேட்டேன். மேனேஜர் கண்ணாடியைப் பாதி இறக்கி, அண்ணனைப் பார்த்தார், என்னையும் பார்த்தார்.

"மெஷின் மட்டும்தான் எடுக்கச் சொல்லியிருக்காங்க. ஆளுங்க வேணாம்" என்றார். கண்ணாடி ஏறியது.

திரும்பி நடந்தபோது அண்ணன் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "பாத்துட்டுக் கூப்புடுறேன்னாரு அண்ணே" என்றேன். "கூப்புடுவாருன்னு எனக்குத் தெரியும்" என்றார்.

நான் இப்போது ஒரு டைல்ஸ் கடையில் கணக்குப் பார்க்கிறேன். குனோங் ராபாட் சந்தையில் ஞாயிற்றுக்கிழமைகளில் அண்ணனைப் பார்ப்பதுண்டு. தெரிந்தவர்கள் மோட்டார் சைக்கிள் பட்டறையில் வேலை இருக்கிறது என்று அழைத்தார்களாம், போகவில்லை. பாஸ்போர்ட்டைப் புதுப்பித்து வைத்திருக்கிறார். மேடானில் சாப்பாடு நம்முடையது போலத்தான் இருக்குமா என்று போன வாரம் கேட்டார்.