ஆணியில் மாட்டிய கொலுசு

நான் ஒரு பிள்ளையின் காதை அடித்துச் செவிடாக்கினேன். அதற்கு முன்பே, செத்துப்போன அவள் தாயை ஒரு புத்தகத்துக்குள் வைத்து இன்னொரு முறை கொன்றிருந்தேன்.

சிவகாசிப் பக்கத்தில் நான் அறிவியல் ஆசிரியை. சிறுவர்களுக்காக ஒரு புத்தகம் எழுதியிருக்கிறேன். உங்கள் வீட்டுப் பிள்ளையின் பையில்கூட அது கிடக்கலாம்... வழவழப்பான தாள், அட்டையில் வாணவேடிக்கை, அதன் கீழே என் பெயர். வெடி எந்த நாட்டில் பிறந்தது, மத்தாப்பு ஏன் பச்சையாய் எரிகிறது, ராஜாக்கள் எதற்காக வாணம் விட்டார்கள் என்றெல்லாம் கதைபோலச் சொல்லியிருப்பேன். அதில் பொய் இல்லை. கடைசி அத்தியாயத்தை மட்டும் நம்பாதீர்கள்!

அந்த அத்தியாயத்தை எனக்குக் கொடுத்தவள் முத்துமாரி. பக்கத்து ஊரான விஸ்வநத்தத்துப் பிள்ளை, எட்டாம் வகுப்பு. அவள் அம்மா பேச்சியம்மாள் பட்டாசு விபத்தில் கருகிச் செத்தவள். ஒருநாள் மதியச் சாப்பாட்டு நேரத்தில், என் கையைப் பிடித்துக்கொண்டு எல்லாவற்றையும் சொன்னாள்.

"எங்கம்மா ரொம்பக் கவனம் டீச்சர். வெடிமருந்து ரூமுக்குள்ள வெள்ளி, இரும்பு எதுவும் ஆகாதுன்னு கொலுசைக் கழட்டி வீட்டு ஆணியில மாட்டிட்டுத்தான் கம்பெனி வேன் ஏறும். அன்னைக்கும் மாட்டுச்சு. சீசன் ஆர்டருன்னு, நாலு பேரு இருக்க வேண்டிய ரூமுக்குள்ள அம்புட்டு பேரையும் உக்கார வெச்சுட்டாக..."

அவள் அழுதுகொண்டிருந்தாள். நான் என்ன செய்தேன் தெரியுமா? மனதுக்குள் வாக்கியம் அமைத்துக்கொண்டிருந்தேன்.

முதலில் அவள் சொன்னபடியேதான் எழுதினேன். புத்தகத்தை அச்சடித்துப் பள்ளிகளுக்கு இலவசமாகத் தர முன்வந்தவர் ஒரு முதலாளி. அச்சகமும் உண்டு, பட்டாசுக் கம்பெனியும் உண்டு. பேச்சியம்மாள் செத்தது அவர் கம்பெனியில் அல்ல. இருந்தும் அவரிடமிருந்து போன் வந்தது.

"எல்லாம் பிரமாதம் டீச்சர். கடைசிக் கதையில மட்டும் அந்தப் பொம்பளை மேல கொஞ்சம் தப்பு இருக்கிற மாதிரி வெச்சிருங்க. கவனமா இருக்கணும்னு பிள்ளைகளுக்கு ஒரு நீதி வேணும்ல?"

முடியாது என்று சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? புத்தகம் வந்திருக்காது. அவ்வளவுதான்! என் கழுத்தில் யாரும் கத்தி வைக்கவில்லை. அட்டையில் என் பெயரைப் பார்க்க வேண்டும் என்ற நப்பாசை... அது போதுமானதாக இருந்தது.

பெயரை மாற்றினேன். ஊரை மாற்றவில்லை. என் கதையில் அந்தப் பெண் அவசரத்தில் கொலுசோடு வேலைக்குப் போகிறாள். கொலுசு உரசுகிறது, பொறி பறக்கிறது, அறையோடு எல்லோரும் சாகிறார்கள். 'வீட்டில் ஆணி மட்டும் காலியாக இருந்தது' என்று முடித்தேன். எழுதிவிட்டு என் சாமர்த்தியத்தை நானே மெச்சிக்கொண்டேன். சீ!

புத்தகங்கள் வந்தன. ஒரே நாளில் எல்லாப் பிள்ளைகளின் வீட்டுக்கும் போய்ச் சேர்ந்தன. மறுநாள் கடைசிக் கதையை நானே வகுப்பில் ஏற்ற இறக்கத்தோடு வாசித்தேன். பாதியில் முத்துமாரி எழுந்தாள்.

"பொய்!"

உட்காரச் சொன்னேன். அவள் பெஞ்சின் மேல் ஏறி, காலைத் தூக்கி ஓங்கி மிதித்தாள். கொலுசு சத்தம் வகுப்பு முழுக்கக் கேட்டது.

"இந்தா இருக்கு எங்கம்மா கொலுசு! ஆணியில இருந்து நான்தான் எடுத்தேன். எங்கம்மாவ ஏன் டீச்சர் கொலகாரி ஆக்குனீக?"

வகுப்பே என்னைப் பார்த்தது. கையிலிருந்த புத்தகத்தின் முதுகால் அவள் வாயில் அடித்தேன். உதடு கிழிந்தது. அப்போதும் அவள் "பொய், பொய்" என்றாள். கீழே இழுத்துத் தள்ளி, விரிந்த கையால் இடது காதில் அறைந்தேன். மறுபடியும் அறைந்தேன். அறைய அறைய எனக்கு இதமாக இருந்தது... அதையும் ஒப்புக்கொள்கிறேன். காதிலிருந்து ரத்தம் இறங்கிச் சட்டைக் காலரை நனைத்த பிறகுதான் நிறுத்தினேன்.

ஆஸ்பத்திரி வாசலுக்கு அவள் அப்பா மாரியப்பன் ஓடி வந்தார். அவர் பின்னாலேயே சந்தனம் என்பவரும் வந்தார். பேச்சியம்மாள் செத்த அதே அறையில் மனைவியைப் பறிகொடுத்தவர். அவர் கையில் என் புத்தகம்.

"டீச்சர், இது எங்க ஊருக் கதைதான? கொலுசோட போயி எல்லாத்தையும் கொன்னவ இவன் பொண்டாட்டிதான?"

மாரியப்பன் என்னைக் கும்பிட்டார். "சொல்லுங்க டீச்சர். நான் அன்னைக்கு வெள்ளனயே லோடு ஏத்தப் போயிட்டேன். அவ மாட்டுனாளா இல்லையான்னு நான் பாக்கல. அவகிட்ட ரெண்டு ஜோடி உண்டு, மக கால்ல கெடக்கிறது எதுன்னும் எனக்குத் தெரியல. மக சின்னப் பிள்ளை, ஆத்தா மேல உள்ள பாசத்துல சொல்லுதா. அச்சுல வந்திருக்குன்னா நீங்க விசாரிச்சுத்தான போட்டிருப்பீக?"

ஊரெல்லாம் அச்சகம். காலண்டரும் டைரியும் இவர்கள் கைப்பட்டுத்தான் உலகத்துக்குப் போகின்றன. எத்தனை பிழையான தாள்கள் கிழிபட்டுப் போகின்றன என்பதும் இவர்களுக்குத் தெரியும். இருந்தும் அச்சில் ஏறிய எழுத்து பொய் சொல்லாது என்று நம்பினார் அந்த மனிதர்!

'இல்லை, நான் கட்டிய கதை' என்று சொல்ல எத்தனை நேரம் ஆகியிருக்கும்? ஆனால் பக்கத்தில் தலைமையாசிரியை நின்றுகொண்டிருந்தார். புத்தகம் பொய்யென்றால், உண்மை சொன்ன பிள்ளையின் காதை நான் ஏன் உடைத்தேன்?

"ஆமா" என்றேன்.

சந்தனம் மாரியப்பனின் சட்டையைப் பிடித்துச் சுவரில் மோதினார். விழுந்தவரை வயிற்றில் மிதித்தார். செருப்பைக் கழற்றி முகத்தில் அடித்தார். மாரியப்பன் கையை ஓங்கவில்லை, மறைக்கவும் இல்லை. "அடிங்கண்ணே... அவ செஞ்சதுக்கு நான் வாங்கிக்கிடுதேன்" என்று ரத்தத்தோடு சேர்த்துத் துப்பினார். அவர் முன்பல் என் காலருகே வந்து விழுந்தது.

முத்துமாரி காதில் பஞ்சோடு உள்ளே பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். அவள் அப்பாவைப் பார்க்கவில்லை. என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். என் 'ஆமா' அவளது நல்ல காதில் விழுந்திருந்தது.

எனக்கு எந்தத் தண்டனையும் இல்லை. தப்பு மகள் மேல்தான் என்று நம்பி, பிள்ளை படியில் விழுந்ததாக மாரியப்பனே டாக்டரிடம் சொல்லிவிட்டார். அந்தக் காது திரும்பவில்லை. அவளும் பள்ளிக்குத் திரும்பவில்லை. புத்தகம் மட்டும் மறுபதிப்புக்குப் போனது. திருத்தம் உண்டா என்று கேட்டார்கள். எழுத்துப் பிழைகளைத் திருத்திக் கொடுத்தேன். கொலுசைத் தொடவில்லை... அப்போதும் தொடவில்லை!

இப்போது அவளுக்கு வேலைக்குப் போகிற வயது. பட்டாசுக் கம்பெனிக்குப் போகிறாள். நான் பள்ளிக்குப் பஸ் ஏறும் நிறுத்தத்தில்தான் அவளுடைய வேனும் வருகிறது. ஒருமுறை அருகில் போய் "முத்துமாரி" என்று கூப்பிட்டேன். திரும்பவில்லை. அது இடது பக்கம் என்பது பிறகுதான் உறைத்தது. வலது பக்கம் போய்க் கூப்பிட எனக்குத் துணிவில்லை.

தினமும் அவள் வீட்டிலிருந்து கொலுசைப் போட்டுக்கொண்டே வருகிறாள். வேன் வருவதற்குள், எத்தனை கூட்டம் இருந்தாலும், நான் நிற்கும் இடத்தைத் தேடி வந்து எனக்கு எதிரே உட்காருகிறாள். ஒரு கால் கொலுசைக் கழற்றுகிறாள். மறுகால் கொலுசையும் கழற்றுகிறாள். கூட வரும் அப்பாவின் உள்ளங்கையில் இரண்டையும் வைத்து, அவர் விரல்களை மடக்குகிறாள்.

அவர் தலையைக் குனிந்துகொள்கிறார். அவள் என்னைப் பார்த்துக்கொண்டே வெறுங்காலோடு வேன் ஏறுகிறாள்.