வெங்காயக் கூடைக்கு வந்த வாழ்வு

விமான நிலையத்தில் பெட்டிகள் சுற்றி வரும் இடத்துக்கு மேலே ஒரு பெரிய படம் மாட்டியிருக்கிறார்கள். முறுக்கு மீசைக்காரர் ஒருவர் கையில் பிரம்புக் கூடையோடு தொலைவில் எதையோ பார்த்துக்கொண்டிருப்பார். 'நம் மண்ணின் விரல்கள்' என்று கீழே எழுதியிருக்கும். அந்த மீசை என்னுடையது. விரல்களும் என்னுடையவைதான். அந்த விரல்களுக்குக் கூடை பின்னத் தெரியாது, அது ஒன்றுதான் குறை.

எங்கள் பட்டறையில் பின்னுகிறவள் என் மனைவி. அவளுடைய அப்பா தொடங்கிய பட்டறை அது. நான் வீட்டோடு மாப்பிள்ளையாக வந்து சேர்ந்தவன். பிரம்பு வாங்கி வருவது, தொட்டியில் ஊறப்போடுவது, முடிந்த கூடைகளை சைக்கிளில் கட்டிக் கடைகளுக்குக் கொண்டுபோவது என் வேலை. கல்யாணமான புதிதில் எனக்கும் கற்றுக்கொடுத்துப் பார்த்தாள். நான் பின்னிய முதல் கூடையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"இதுல எதை வெச்சாலும் அதுவே எந்திரிச்சுப் போயிடும்ங்க" என்றாள். அத்தோடு என் கலை வாழ்க்கை முடிந்தது.

கைவினைத் துறையிலிருந்து புகைப்படக்காரர் வந்த அன்று அவள் வழக்கம்போல ஜன்னலோரம் உட்கார்ந்து பின்னிக்கொண்டிருந்தாள்.

"அக்கா, கொஞ்சம் தள்ளி உக்காருங்க, வெளிச்சத்தை மறைக்கிறீங்க" என்றார் அவர். பிறகு தொட்டியருகே நின்ற என்னைப் பார்த்தார். மீசையைப் பார்த்தார் என்பதே சரி.

"அண்ணே, நீங்க வாங்க. இந்த மாதிரி மீசைக்குத்தான் ஊரெல்லாம் அலையுறேன்."

"எனக்குப் பின்னத் தெரியாதுங்க."

"பின்ன வேணாம்ணே. சும்மா பிடிச்சுக்குங்க, போதும்."

சும்மா இருப்பதில் எனக்கு நல்ல பயிற்சி உண்டு. கைக்கு எட்டியது ஒரு வெங்காயக் கூடை. காற்றோட்டத்துக்கு இடைவெளி விட்டுப் பின்னி, அடியை நட்சத்திரம்போல் முடிந்து, சமையலறையில் தொங்கவிடுகிற ரகம். நட்சத்திரம் படத்தில் விழட்டுமே என்று கவிழ்த்துப் பிடித்தேன். ஜன்னல் வெளிச்சம் இடுக்குகளில் புகுந்து என் முகமெல்லாம் கோலம் போட்டது. புகைப்படக்காரர் அப்படியே சொக்கிப்போனார்.

படம் அச்சாகி வந்தபோது பொடி எழுத்தில் இன்னொரு வரியும் இருந்தது: 'பாரம்பரியப் பிரம்பு விளக்குக் கூடும், அதைப் பின்னும் கைவினைஞரும்.'

என் மனைவி எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டுத் தரையில் உட்கார்ந்து சிரித்தாள். "விளக்கா! வெங்காயக் கூடைக்கு வந்த வாழ்வைப் பாத்தீங்களா? போய்ச் சொல்லிட்டு வாங்க, தப்புன்னு."

போனேன். துறை அதிகாரி என்னைக் கண்டதும் எழுந்து நின்றார். எனக்காக யாராவது எழுந்து நின்றது அதுவே முதல்முறை. பேருந்தில்கூட நடந்ததில்லை. வந்த விஷயத்தை விட்டுவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தேன். தேநீர் குடித்துவிட்டுத் திரும்பிவிட்டேன்.

அதற்குள் ஓட்டல்காரர்கள் வந்தார்கள், தூதரகத்துக்காரர்கள் வந்தார்கள். எல்லோரும் கேட்டது விளக்கு. என் மனைவி பிரம்பை இன்னும் மெலிதாகச் சீவினாள். நட்சத்திரத்தின் நடுவே ஒயர் போக வழிவிட்டாள். பல்பைப் போட்டுப் பார்த்தபோது சுவர் முழுக்க நட்சத்திரம். அவள் தங்கையும் எதிர்வீட்டுப் பெண்களும் வேலைக்குச் சேர்ந்தார்கள். பள்ளியில் நம் நாட்டைப் படமாக வரையச் சொன்னால் பிள்ளைகள் கொடி வரைந்தார்கள், பக்கத்திலேயே எங்கள் விளக்கையும் வரைந்தார்கள்.

என்னை மேடைகளுக்குக் கூப்பிட்டார்கள். ஒரு கருத்தரங்கில், "இந்த நட்சத்திர முடிச்சின் உட்பொருள் என்ன?" என்று கேட்டார் ஒரு பேராசிரியர். எனக்கு வேர்த்துவிட்டது. "ஒற்றுமை" என்றேன். எதுவும் தெரியாமல் மேடை ஏறியவனை அந்தச் சொல் ஒருபோதும் கைவிடாது. அடுத்த ஆண்டு பாடப்புத்தகத்தில் அது வந்துவிட்டது. என் மகள் வாய்விட்டு மனப்பாடம் செய்தாள், நான் கொல்லைப்பக்கம் போய் நின்றுகொண்டேன்.

வெளிநாட்டில் வேலை பார்க்கும் என் மச்சான், மனைவியின் கூடப்பிறந்த அண்ணன், ஒரு ஞாயிற்றுக்கிழமை போன் செய்தார். ஸ்பீக்கரில் போட்டிருந்ததால் எனக்கும் கேட்டது.

"இங்க ஒரு கடையில நம்ம விளக்கு கெடச்சுது, தங்கச்சி. ஹால்ல மாட்டியிருக்கேன். அதைப் போட்டாத்தான் இது என் வீடுன்னே தோணுது. சின்ன வயசுல நம்ம வீட்டுல தொங்குமே, ஞாபகம் இருக்கா?"

இதே பட்டறையில் தவழ்ந்து வளர்ந்தவர் அவர். எனக்குச் சிரிப்பு முட்டியது. மனைவி வாயைத் திறந்தாள். அந்தப் பக்கம் அவர் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. திறந்த வாயை மெதுவாக மூடிக்கொண்டாள்.

"ஆமாண்ணே" என்றாள் பிறகு. "அடுப்புக்கு மேலதான் தொங்கும். அம்மா குதிகாலைத் தூக்கி எட்டி எடுப்பாங்க."

"அதேதான், அதேதான்" என்றார் அவர்.

போனை வைத்துவிட்டு அவள் பாதியில் விட்ட பின்னலை எடுத்தாள். நான் வழக்கம்போல ஏதோ கேலி பேசப் போனேன்.

"சும்மா இருங்க. அண்ணன் சொன்னதுல என்ன பொய்? தொங்கத்தானே செஞ்சுது?" என்றாள். அப்புறம், "அடுத்த கூட்டத்துக்கு நான் போறேன். ஒற்றுமை, ஒற்றுமைன்னு நீங்க சொல்லச் சொல்ல எனக்குக் கூசுது."

போனாள். நான் விளக்குப் பெட்டியைச் சுமந்துகொண்டு பின்னால் போனேன். மேடையில் அதே கேள்வி வந்தது.

"அடியை இப்படி முடிஞ்சாத்தான் பாரம் தாங்கும். அம்மா முதல்ல இதைத்தான் கத்துக்கொடுத்தாங்க. வேற ஒண்ணும் இல்லீங்க" என்றாள். இது வெங்காயக் கூடையாக இருந்தது, நான் கவிழ்த்துப் பிடித்ததில் விளக்கானது என்பதையும் போட்டு உடைத்தாள். அரங்கம் சிரித்தது. பிறகு நெடுநேரம் கைதட்டியது. என் ஒற்றுமைக்கு அதில் பாதிகூடக் கிடைத்ததில்லை.

விளக்கு வியாபாரம் விழுந்துவிடும் என்று நான் பயந்தேன். மாறாக, இப்போது விளக்கு வாங்குகிறவர்கள் கூடையும் ஒன்று சேர்த்துக் கேட்கிறார்கள். இரண்டும் நம் நாட்டுப் பொருள்தான் என்கிறார்கள்.

கூட்டம் முடிந்து அன்று வீடு திரும்பும் பேருந்தில், அரங்கில் இருந்த ஒரு பெண் என்னைப் பார்த்துவிட்டு எழுந்தாள். நான் மீசையைத் தடவிக்கொண்டு உட்காரப் போனேன்.

"உங்களுக்கு இல்லீங்க, அக்காவுக்கு" என்றாள்.

மனைவி உட்கார்ந்தாள். நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"நாளைக்குப் பிரம்பு ஊறப்போட்டாச்சா?" என்று கேட்டாள்.

மறந்தே போயிருந்தேன்.