மாமா தோற்ற தேர்தல்

ரப்பர் பால் காய்ந்த விரலுக்கு ஒரு வாசம் உண்டு. புளித்த மோரும் நனைந்த செருப்பும் சேர்ந்தாற்போல. என் அம்மாவின் கையில் அது எந்நேரமும் இருந்தது. தெஹியோவிட்டைக்கு மேலே எங்கள் தோட்டத்தில் பால் வெட்டிவிட்டு வருகிற பெண்கள், லயத்து வரிசை வீட்டு வாசலில் உட்கார்ந்து ஊர்க்கதை பேசிக்கொண்டே, விரலில் காய்ந்து ஒட்டிய பாலைத் தோலாக உரித்துப் போடுவார்கள். அதற்கு "பால் சட்டை" என்று பெயர். கிழியாமல் முழுச் சட்டையும் கழன்றால் அதிர்ஷ்டம் என்று நானே ஒரு சாத்திரம் கிளப்பிவிட்டு, அம்மாவின் கையை வேறு யாரும் தொடவிடாமல் காவல் இருப்பேன். எதையும் பிய்த்துப் பார்க்காவிட்டால் எனக்குத் தூக்கம் வராது, இன்றைக்கும் அப்படித்தான்.

அம்மாவின் தம்பி ராமையா மாமாவும் பால் வெட்டியவர்தான். லயத்துக் கூரை ஒழுகினால் தோட்டத்துத் துரையின் ஆபீசுக்கு முதலில் போவது அவர். அங்கே சிங்களம் கடகடவென்று பேசுவார். கோபம் வந்தால் மட்டும் தமிழுக்கு மாறிவிடுவார். அப்படியே தொழிற்சங்கத்தின் தோட்டத் தலைவராகி, ஒரு வருஷம் பிரதேச சபைத் தேர்தலுக்கும் நின்றுவிட்டார். "பால் வாளி தூக்குனவன் எல்லாம் சபைக்குப் போறானாம்" என்று கடைவீதியில் சிரித்தார்கள். எங்கள் லயத்துக்கு அப்போது ரோட்டு கிடையாது. பிள்ளைத்தாச்சியைக்கூடக் கம்பில் சாக்குக் கட்டித் தூக்கிக்கொண்டுதான் பஸ் பாதைக்கு இறங்க வேண்டும். மாமா ஜெயித்தால் ரோட்டு வரும். எங்களுக்குத் தெரிந்த அரசியல் அவ்வளவுதான்.

தேர்தல் அன்றும் காலையில் பால் வெட்டு இருந்தது. பாலை ஸ்டோரில் ஊற்றிவிட்டு, கழுவியும் கழுவாத கையோடு எல்லாரும் பள்ளிக்கூடத்துச் சாவடியில் போய் வரிசையில் நின்றார்கள். வோட்டுப் போட்டுவிட்டு வந்த அம்மா, வாசலில் உட்கார்ந்து பழக்கதோஷத்தில் சின்னவிரலை உரித்தாள். சட்டை முழுசாக வந்தது. கூடவே சாவடியில் வைத்த ஊதா மையும் வந்துவிட்டது! அடியில் விரல் துளி மை இல்லாமல் சுத்தமாக இருந்தது. நான் அந்தச் சட்டையை என் விரலில் மாட்டிக்கொண்டு, நானும் வோட்டுப் போட்டவள் என்று லயம் முழுக்க ஓடினேன். அதைப் பார்த்த பெண்களும் உரித்துப் பார்த்தார்கள். எல்லாருக்கும் வந்தது.

கொழும்புக்கு வீட்டு வேலைக்குப் போனவர்களின் வோட்டுக் காட்டுகள், அதாவது வாக்காளர் அட்டைகள், சாமிப் படங்களுக்குப் பின்னால் சும்மா கிடந்தன. அந்தக் காலத்தில் சாவடியில் அடையாள அட்டையை அவ்வளவாகக் கேட்கவும் மாட்டார்கள். அம்மா சித்தியின் காட்டை எடுத்து மடியில் சொருகிக்கொண்டு படி இறங்கும்போது, மாமா எதிரே வந்தார்.

"தம்பி, வெரலப் பாத்தியா? நாங்க பத்து இருவது பேரு இன்னொரு தடவ போயிட்டு வந்துர்றோம்."

மாமா அம்மாவின் விரலைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தார். பிறகு வெடித்தார்.

"நம்ம அப்பா வெரல்ல ஒரு தடவகூட மை வைக்காமயே செத்தாரு, மறந்துட்டியாக்கா? நீங்க இந்த நாட்டு ஆளுகளே இல்லன்னு வோட்டக் குடுக்காமயே வச்சிருந்தானுங்க. இப்பத்தான் கைக்கு வந்திருக்கு. ஒரு கள்ள வோட்டு புடிபட்டா, நம்ம நல்ல வோட்டையும் எவன் நம்புவான்?"

"அப்ப ரோட்டு வேணாமாடா உனக்கு?"

"வேணும். காட்டக் குடு."

காட்டு மாமாவின் கைக்குப் போனது, யாரும் மறுபடி சாவடிக்குப் போகவில்லை. மாமா தோற்றார். எங்கள் ஒரு லயத்து ஆட்கள் அளவுக்குக்கூட வித்தியாசம் இல்லை. அம்மா அவரோடு பேச்சை நிறுத்திவிட்டாள். அந்த வருஷத்து மழையில் பக்கத்துக் காம்பரா அறையிலிருந்த பெண்ணுக்கு வலி எடுத்தபோது, சாக்குக் கட்டிய கம்பை முன்னால் பிடித்தவர் மாமாதான். சறுக்குகிற படியில் அவர் முழங்கால் குத்தி விழுந்து எழுந்ததை அம்மா வாசலில் நின்று பார்த்தாள். தாயும் பிள்ளையும் பிழைத்தார்கள். அம்மா அதற்கும் ஒரு வார்த்தை பேசவில்லை. எனக்கோ இரண்டு பேர் மேலும் ஆத்திரம்.

அடுத்த தேர்தலில் மாமா விடியற்காலையிலேயே தண்ணீர் வாளியோடு லயம் லயமாக நடந்தார். "பால உரிச்சிட்டுப் போங்க! பால உரிச்சிட்டுப் போங்க!" அதுதான் அவருடைய ஒரே பிரசாரம். ஜெயித்தார். ரோட்டும் வந்தது. இரண்டு தடவை சபையில் இருந்தார். மூன்றாம் தடவை, ரோட்டின் ஏற்றம் சரியில்லை என்று எங்கள் ஆட்களே தோற்கடித்தார்கள். போங்கள், அதுதான் அரசியல்!

ஒரு சந்தேகம் மட்டும் என்னைப் பல வருஷம் அரித்தது. அன்று மாமா தடுத்தது யோக்கியத்தாலா, பயத்தாலா? பெரியவளான பிறகு கேட்டே விட்டேன். "பயந்தான் புள்ள. மாட்டியிருந்தா மொதல்ல உங்கம்மாவத்தான் புடிச்சிருப்பானுங்க" என்று சிரித்தார். அதை நான் பாதிதான் நம்பினேன்.

மாமா இப்போது இல்லை. ரப்பர் மலையில் பாதி முள்தேங்காய் என்கிற எண்ணெய்ப்பனைத் தோட்டமாகிவிட்டது. பால் சட்டை உரிக்கிற விரல்கள் லயத்தில் இரண்டு மூன்று பேருக்குத்தான். போன தேர்தலுக்கு அம்மாவை அந்த ரோட்டிலேயே ஓட்டோவில் கூட்டிப் போனேன். பால் வெட்டும் கத்தியைக் கீழே வைத்துப் பல வருஷமாகியும், புறப்படுவதற்கு முன் அவள் சின்னவிரலை நகத்தால் சுரண்டிச் சுரண்டித் துடைத்தாள். திரும்பி வந்ததும் செருப்பைக்கூடக் கழற்றாமல் மாமாவின் படத்துக்கு முன்னால் போய் விரலை நீட்டினாள்.

"பாரு தம்பி, உரிச்சிட்டுத்தான் போனேன்."