பிடிக்காமல் போன முடிவு

ஜெர்மனியின் கெல்சென்கிர்ச்சன் நகரில் எங்களுக்கு மேல்மாடியில் பிரான்ஸ்காரர் ஒருவர் இருந்தார். இளமையில் பாரிஸில் பாடகர்களுக்கு மெட்டுப் போட்டுப் பெயர் வாங்கியவர். ஜெர்மன் பெண்ணை மணந்து இங்கே வந்து, மனைவி இறந்த பிறகும் இங்கேயே தங்கிவிட்டார். நான் சில காலம் பாரிஸில் வாழ்ந்தவன் என்பதால் என்னோடு பிரெஞ்சில் பேசுவார்.

அவருடைய பாட்டு ஒன்று இன்றும் வானொலியில் வரும். அது வந்தாலே அவருக்கு இருப்புக் கொள்ளாது. பாடகி ஒலிப்பதிவுக் கூடத்தில் காத்திருந்ததால் கடைசி அடிக்கு அவசரத்தில் மெட்டுப் போட்டுக் கொடுத்தாராம். அதையே மாற்றி மாற்றிப் பியானோவில் வாசிப்பார். எழுந்து நடப்பார், மறுபடி உட்காருவார்.

ஒரு ஞாயிறு மத்தியானம் மேலே பியானோ கேட்டது.

"திரும்பவும் தொடங்கிட்டார். சாப்பிட்டாரோ தெரியாது, இதைக் கொண்டுபோய்க் குடுங்கோ," என்று மனைவி சோற்றுத் தட்டை நீட்டினாள்.

"ஓம், குடுத்திட்டு வாறன்."

கதவைத் திறந்தவர் தட்டைப் பார்க்கவேயில்லை. என்னைப் பியானோ அருகே நிறுத்தி, பழைய முடிவையும் புதிய முடிவையும் வாசித்தார்.

"எது நல்லது? உண்மையைச் சொல்லுங்கள்."

புதியது அழகாகத்தான் இருந்தது. ஆனால் பழையதில் மூச்சு முட்டுவதுபோல ஒரு தவிப்பு இருந்தது.

"பழையதுதான்," என்றேன்.

அவர் முகம் சுருங்கியது. "அப்படியென்றால் இத்தனை வருஷமும் நான்..." என்று தொடங்கியவர், முடிக்காமல் சிரித்துவிட்டார். சோற்றை நின்றபடியே சாப்பிட்டார்.

நான் படியிறங்கி வீட்டுக்குள் நுழைவதற்குள் பியானோ மறுபடி கேட்டது. இந்த முறை பாட்டின் தொடக்கத்தை மாற்றிக்கொண்டிருந்தார்.