வேலையாட்களின் லிஃப்ட்

எங்கள் டெல்லி அடுக்ககத்தில் லிஃப்ட் வந்து நிற்கும்போது சைக்கிள் மணி போல ஒலிக்கும். இன்று காலையும் ஒலித்தது. அப்பா நினைவுக்கு வந்தார்.

ஊரில் மேலத்தெரு வந்தால் எங்கள் சேரி ஆட்கள் சைக்கிளை விட்டு இறங்கித் தள்ளிக்கொண்டுதான் போக வேண்டும். போராடி உரிமை வாங்கிய மறுநாள், என்னை முன்கம்பியில் உட்காரவைத்து, மணியடித்தபடி அப்பா அந்தத் தெருவில் மிதித்தார். கல் வந்து விழுந்தது. அவர் ரத்தம் என் கழுத்தில் சூடாக வழிந்தது. "எறங்கிடலாம்பா" என்று அழுதேன். அவர் இறங்கவில்லை.

வேலையாட்களின் தனி லிஃப்ட் இன்று பழுது. எங்கள் வீட்டில் வேலைசெய்யும் செல்வி காய்கறிப் பையோடு படியேறத் தொடங்கியிருந்தாள். "இதுலயே வாம்மா" என்றேன்.

"வேணாண்ணா, வாட்ச்மேன் பாத்தா நாளைக்கு கேட்டுலயே நிறுத்திடுவான்."

அப்பாவின் காயத்தைப் பற்றிப் புத்தகம் எழுதியிருக்கிறேன். அவளை வற்புறுத்தாமல் ஏழாவது மாடிப் பொத்தானை அழுத்தினேன்.