பன்னிரண்டே காலுக்குப் போட்ட கையெழுத்து

காலைக் கூட்டத்தில் பிள்ளைகள் வரிசையில் நிற்கும்போதே கஜபதி சாரின் கண் தலைகளை எண்ண ஆரம்பித்துவிடும். ஆறாம் வகுப்பில் நாற்பத்தொன்று. நேற்று நாற்பத்திரண்டு. வராதவன் யார்? காய்ச்சலா, இல்லை டி.சி. வாங்கிக்கொண்டு புதிதாகத் திறந்த மெட்ரிக் பள்ளிக்குப் போய்விட்டானா? காய்ச்சல்தான் என்று தெரிந்தால் மூச்சு வரும். ஒரு பிள்ளையின் காய்ச்சலில் நிம்மதி தேடும் வாத்தியாராகிவிட்டோமே என்று பிறகு தனக்குள்ளே கூசிப்போவார்.

அது 1993. அம்பத்தூர் பக்கத்தில், அரசாங்கம் சம்பளம் கொடுக்கும் தனியார் உயர்நிலைப் பள்ளி. பிள்ளைகள் குறைந்துவிட்டதால் அறிவியலுக்கு இருந்த இரண்டு இடங்களில் ஒன்று உபரி என்று கடிதம் வந்துவிட்டது. இருவரில் ஜூனியர் யாரோ, அவர் வெளியே போக வேண்டும். வேறு எங்காவது இடம் காலியானால் அனுப்புவார்கள். அதுவரை வீட்டில் உட்கார வேண்டியதுதான்.

ஒருவர் கஜபதி, இன்னொருவர் ரகுநாதன். 1984 ஜூலையில் ஒரே நாளில் சேர்ந்தவர்கள். ஆசிரியர் அறையில் ஒரே மேசை. ஒன்பது வருடமாக ஒருவர் டிபன் டப்பாவில் மற்றவர் கை போகும். ஒரே நாளில் சேர்ந்ததால் வயதில் மூத்தவரே சீனியர் என்று நிர்வாகம் பட்டியல் போட்டது. ஐந்து மாத மூப்பில் கஜபதியின் பெயர் மேலே இருந்தது. ரகுநாதன் ஐகோர்ட்டில் வழக்குப் போட்டார். நாள் ஒன்றுதான், ஆனால் நான் சேர்ந்தது முற்பகல், அவர் சேர்ந்தது பிற்பகல் என்பது அவர் வாதம்.

"தப்பா எடுத்துக்காதீங்க கஜபதி. எனக்கும் ரெண்டு பொண்ணுங்க இருக்கு" என்றார் ரகுநாதன், நோட்டீஸ் வந்த அன்று. அன்றோடு இரண்டு டப்பாக்களும் தனித்தனியாக மூடிக்கொண்டன.

ரகுநாதன் முற்பகலில் சேர்ந்ததாகச் சொன்னதில் பொய் இல்லை. அதுதான் கஜபதியைப் பயமுறுத்தியது.

வெள்ளானூரில் அவர்கள் தெருவிலேயே முதல் பட்டதாரி கஜபதி. ஊரார் நிலத்தில் நாற்று நட்டு அவரை பி.எஸ்ஸி., பி.எட். வரை படிக்கவைத்தவள் அம்மா பொன்னியம்மா. வேலை உத்தரவு வந்த அன்று தெருவே அந்தக் காகிதத்தைத் தொட்டுப் பார்த்தது. சேர வேண்டிய நாள் வெள்ளிக்கிழமை.

"நைனா, பத்தரைலேர்ந்து பன்னெண்டு வரிக்கும் ராகு காலம். அந்த நேரத்துல மட்டும் கையெழுத்து வெக்காதடா. இத்தினி வருசத்துல உன்னாண்ட நான் வேற ஒண்ணும் கேட்டதில்ல" என்றாள்.

பஸ் தாமதமாகிவிட்டது. கஜபதி பள்ளிக்குள் நுழையும்போது பத்து இருபது. தலைமையாசிரியர் வகுப்பு முடிந்து அறைக்கு வந்தபோது பத்து முப்பத்தைந்து. ரகுநாதன் பத்து மணிக்கே கையெழுத்துப் போட்டு முடித்திருந்தார். நீட்டிய பேனாவைக் கஜபதி வாங்கவில்லை. வாதாம் மரத்தடியில் ஒன்றரை மணி நேரம் நின்றுவிட்டு, பன்னிரண்டே காலுக்கு ரிஜிஸ்தரில் கையெழுத்துப் போட்டார். கிளார்க் வரதன் பக்கத்திலேயே 'பிற்பகல்' என்று எழுதினான். அது ஒரு வார்த்தை என்றுதான் அன்றைக்குத் தோன்றியது.

"காலையிலயே வந்துட்டீங்க. அப்புறம் ஏன் சார் மத்தியானம் கையெழுத்து?" என்று கஜபதியின் வக்கீல் கேட்டார். கிரகணத்தின்போது சாப்பிட்டால் ஒன்றும் ஆகாது என்று வருடா வருடம் பாடம் எடுக்கும் அறிவியல் ஆசிரியர் கஜபதி. அவர் காலையிலேயே வந்ததைப் பார்த்த தலைமையாசிரியர் இறந்து நான்கு வருடம் ஆகிவிட்டது. வேறு சாட்சி இல்லை.

"ராகு காலம்" என்றார் மெல்ல.

வக்கீல் சிரிக்கவில்லை. "அதையே எழுதிக் குடுங்க. பழைய ரிஜிஸ்தரையும் கோர்ட் கேட்டிருக்கு."

மறுநாள் வரதன் சைக்கிள் ஸ்டாண்டில் பிடித்துக்கொண்டான். "இன்னா சார், மூஞ்சே செத்துப்போய் கீது? அந்த ரிஜிஸ்தர் ஸ்டோர் ரூம்ல கீது. கரையான் அரிச்சிட்சினு நான் எழுதிக் குட்த்துர்றேன். எவன் வந்து பாக்கப்போறான்?"

கஜபதி சுற்றுமுற்றும் பார்த்தார். யாராவது வந்து பார்த்துவிட்டால்? கோர்ட்டுக்குப் பொய் சொன்னதாக ஜெயிலில் போட்டுவிட்டால்? "வேணாம் வரதா, இருக்கறத அனுப்பிடு" என்றார். பின்னாளில் பலர் அதை அவருடைய நேர்மை என்று சொன்னார்கள். பயம் என்பது அவருக்குத் தெரியும்.

எதிர்த்தரப்பு வக்கீல் அவருடைய பிரமாணப் பத்திரத்தை உரக்கப் படித்தார். ராகு காலம் என்ற இடத்தில் நிறுத்தி, இன்னொரு தடவை படித்தார். பின் வரிசையில் யாரோ சிரித்தார்கள். மின்விசிறிச் சத்தத்தையும் மீறி அந்தச் சிரிப்பு கஜபதிக்குக் கேட்டது. எதற்காகக் காத்திருந்தார் என்பது அவர் சொந்த விஷயம், சேர்ந்தது பிற்பகல்தான் என்று தீர்ப்பாயிற்று.

ஏழு மாதம் வீட்டில் இருந்தார். தபால்காரரின் சைக்கிள் மணி கேட்டால் தண்ணீர் குடிப்பார். ஒருநாள் அம்மா பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"அன்னிக்கு நான் சொன்னேனே, அதாலயாடா?"

"அதெல்லாம் ஒண்ணுமில்லம்மா. புள்ளைங்க கொறஞ்சிட்டாங்க."

அவள் நம்பினாளா என்று அவர் திரும்பிப் பார்க்கவில்லை.

கடைசியில் பாரிவாக்கத்துக்குப் பக்கத்தில் ஒரு பள்ளிக்கு உத்தரவு வந்தது. அதுவும் வெள்ளிக்கிழமை. அம்மாவிடம் நாளைச் சொல்லாமல் கிளம்பினார். அலுவலகத்தில் போய் நின்றபோது சுவர்க் கடிகாரத்தில் பத்தே முக்கால்.

"ராகு காலம் சார். மெதுவா போட்டுக்கலாம், உக்காருங்க" என்றார் அந்த ஊர் கிளார்க். "அந்தம்மாகூட அதுக்குத்தான் நின்னுகினு கீறாங்க. அவங்களும் சயின்ஸ்தான், இன்னிக்குத்தான் ஜாயின் பண்றாங்க."

ஜன்னல் வழியே பார்த்தார். வராந்தாவில் ஒரு இளம்பெண், புதுப் புடவையில், சான்றிதழ் ஃபைலை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றாள். நிமிடத்துக்கு ஒருமுறை கைக்கடிகாரத்தைப் பார்த்தாள்.

கஜபதி பேனாவைப் பிடுங்காத குறையாக வாங்கினார். அவசரத்தில் பெயரின் கடைசி எழுத்து கோட்டுக்குக் கீழே இறங்கிவிட்டது. பக்கத்தில் 10.46, முற்பகல் என்று தானே எழுதி, அடியில் இரண்டு கோடு போட்டார்.

இந்தப் பள்ளியிலும் பிள்ளைகள் குறையலாம். இங்கும் ஒருநாள் கடிதம் வரலாம்.

வெளியே வந்தபோது அந்தப் பெண் கைகூப்பினாள். "வணக்கம் சார். நீங்களும் இன்னிக்குத்தானா?"

"ஆமாம்மா" என்றார்.

மணி பதினொன்றுகூட ஆகவில்லை. சொல்வதற்கு வாய் திறந்தது. உள்ளே போய் இப்பவே போட்டுடும்மா, நான்கே சொல். ஆறாம் வகுப்பு எந்தப் பக்கம் என்று ஜன்னல் வழியே கிளார்க்கிடம் கேட்டுவிட்டு, கஜபதி சார் வேகமாக நடந்தார். வகுப்பு வாசலில் நின்று தலைகளை எண்ணினார். முப்பத்தாறு.