ஹானன்லாய் நடுத்துண்டு

"அடையாளம் தெரியாத ஒரு நபர், அநேகமாக ஆண், நல்ல உடற்கட்டு உடையவர், செங்குத்துச் சரிவுகளில் ஏறிப் பழகியவர், பிறருக்கு உரிமையான திராட்சைத் தோட்டத்தில் கருவிகளோடு அத்துமீறி நுழைந்து தாவரங்களுக்குச் சேதம் விளைவித்திருக்கிறார். தகவல் தெரிந்தவர்கள் காவல் நிலையத்தை அணுகவும்."

மார்ச் மாதம் எங்கள் ஹோன்பாக் ஊராட்சியின் வாரத்தாளில், பாடகர் குழுவின் ஒத்திகை நேரத்துக்கும் பழைய இரும்பு சேகரிக்கும் நாளுக்கும் நடுவில் இந்த அறிவிப்பு வந்தது. ரொட்டிக் கடை வரிசையில் நின்றபடி அதைச் சத்தமாகப் படித்துக் காட்டியவர் ரோஸ்விதா ஹில்ஷைட். வயது அறுபத்தாறு. இடது இடுப்பில் உலோக மூட்டு. அலமாரியின் மேல்தட்டை எட்ட நாற்காலி போட்டு ஏற வேண்டிய உயரம். "நல்ல உடற்கட்டு" என்ற இடத்தில் நிறுத்தி, அதை மட்டும் இன்னொரு முறை படித்தார். அந்த நபர் யாரென்று கடையில் இருந்த எல்லோருக்கும் தெரியும். ஒருவரும் காவல் நிலையத்தை அணுகவில்லை.

ரோஸ்விதாவின் நிறுவனத்துக்கு 'நிகோலாஸ் ஹில்ஷைட் வாரிசுகள்' என்று பெயர். ஜெர்மனியின் மோசெல் ஆற்றங்கரையில் ஒயின் நிறுவனங்களுக்கு இப்படிப் பெயர் வைப்பது சாதாரணம். அந்த வாரிசுகள் ஒருவரோடு ஒருவர் பேசிக்கொள்ளாததும் சாதாரணம்.

ரோஸ்விதாவின் கொள்ளுத்தாத்தா நிகோலாஸ் பீப்பாய் செய்கிறவர். விளைச்சல் கெட்ட ஆண்டுகளில் பீப்பாய்க்குக் காசு கொடுக்க முடியாதவர்கள் கொடுத்த கொடி வரிசைகளைச் சேர்த்துச் சேர்த்தே தோட்டக்காரர் ஆனார். ஊரின் துரதிர்ஷ்டம்தான் அவருடைய முதலீடு. அவர் மகன் யாக்கோப் ஒயினைப் பீப்பாய் பீப்பாயாக வியாபாரிகளுக்கு விற்றார். அதைக் கடைசியில் யார் குடித்தார்கள் என்பது சாகும்வரை அவருக்குத் தெரியாது. யாக்கோபுக்கு இரண்டு மகன்கள். எங்கள் பக்கத்தில் சொத்தை எல்லாப் பிள்ளைகளுக்கும் சமமாகப் பிரிப்பார்கள். மிக நியாயமான வழக்கம். நியாயத்தை இன்னும் நாலைந்து தலைமுறை தொடர்ந்தால் ஆளுக்கு ஒரு கொடி மிஞ்சும்.

மூத்தவர் மத்தியாஸுக்கு ஒயின் நிலவறையும், நிறுவனத்தின் பெயரும், ஹானன்லாய் என்ற சரிவின் இரண்டு ஓரங்களும் வந்தன. இளையவர் யோசெஃபுக்கு அதே சரிவின் நடுத்துண்டு: நாள் முழுக்க வெயில் விழும் இடம், பலகைக்கல்லில் வேர்விட்ட மிகப் பழைய ரீஸ்லிங் வகைத் திராட்சைக் கொடிகள்.

"பேரு அவனுக்கு, வெயிலு எனக்கு" என்றாராம் யோசெஃப். அதன்பின் அண்ணனும் தம்பியும் ஒரே சரிவில், கைக்கெட்டும் தூரத்தில், ஆயுள் முழுக்க வேலை செய்தார்கள். மழை வருமா என்றுகூட ஒருவரையொருவர் கேட்டதில்லை.

மத்தியாஸ் போருக்குப் பிறகு தானே புட்டியில் அடைக்கத் தொடங்கினார். அவருக்கு மகன் இல்லையே என்று ஊர் வருத்தப்பட்டது. வீட்டில் ரோஸ்விதா இருந்ததால் வருத்தப்பட அவருக்கு நேரம் கிடைக்கவில்லை. இருபது வயதில் அந்தப் பெண் பழைய வேன் ஒன்றில் பெட்டிகளை ஏற்றிக்கொண்டு எஸ்ஸென், ஹாகன், வுப்பெர்டால் என்று வடக்கே கிளம்பிவிட்டார். வாங்கியவர்கள் பல் மருத்துவர்கள், தேவாலயப் பாடகர் குழுக்கள், தீயணைப்புச் சங்கங்கள். மூன்றாம் மாடிவரை பெட்டியைச் சுமந்து போய், சமையலறை மேசையில் உட்கார்ந்து, பிளம் கேக் சாப்பிட்டு, அடுத்த ஆண்டுக்கான ஆர்டரோடு இறங்குவார். தாத்தா பார்த்தே இராத மனிதர்களின் பிள்ளைகள் பெயர்வரை பேத்திக்குத் தெரியும். இடுப்பு தேய்ந்தது சரிவில் அல்ல, அந்த மாடிப்படிகளில். அப்படி ஒரு பயணத்தில்தான் கணவர் ஆர்னோவையும் கொண்டுவந்தார். ஆர்னோ பீர் மட்டுமே குடிப்பார். அதனால் நிலவறைச் சாவியை அவரிடம் நம்பிக் கொடுக்கலாம்.

மகள் யூடித் ஒயின் படிப்பு முடித்துத் திரும்பிவந்து, ஒயினிலிருந்த இனிப்பைப் பாதிக்குமேல் குறைத்தாள். பல் மருத்துவர்கள் முணுமுணுத்தார்கள். கோபன்ஹேகன் உணவகங்கள் வாங்கத் தொடங்கின. நிறுவனம் இதுவரை இல்லாத அளவு வளர்ந்தது. ஆனால் அந்த வளர்ச்சி முழுவதும் ஹானன்லாய்ப் பழத்தை நம்பி இருந்தது. அந்தப் பழமோ இன்றுவரை முதுகுக் கூடையில்தான் கீழே இறங்கியது. கூடை தூக்க ஆள் இல்லை. யூடித்துக்கே இரண்டு முறை முதுகு பிடித்துக்கொண்டது.

சரிவில் ஏறும் ஒற்றைத் தண்டவாள வண்டி ஒன்று போட்டுவிட்டால் தீரும் சிக்கல்தான். அக்கம்பக்கத்து ஊர்களில் எல்லாம் போட்டுவிட்டார்கள். ஆனால் ரோஸ்விதாவின் இரண்டு ஓரங்களிலும் பாறை துருத்திக்கொண்டு நிற்கிறது. சாலையிலிருந்து உச்சிவரை தண்டவாளம் நேராகப் போகக்கூடிய ஒரே இடம் நடுத்துண்டு. அது இப்போது யோசெஃபின் மகன் ஏவால்டுடையது. ஏவால்ட் ஆற்றுக்கு அக்கரையில் இருக்கும் ஓய்வுபெற்ற வங்கிக்காரர். முழங்கால் போனபின் அவர் இரண்டு ஆண்டாகத் தோட்டத்துக்கு வரவில்லை. கொடிகளை முட்புதர் மூடிக்கொண்டிருந்தது. குத்தகைக்கும் கொடுக்கமாட்டார். தினமும் பைனாகுலரில் மட்டும் பார்ப்பார்.

யூடித் பாலம் கடந்து போய்க் கேட்டாள். தண்டவாளத்துக்கு வழி விட்டால் போதும் என்றாள். ஏவால்ட் காபி கொடுத்தார், உட்காரச் சொல்லவில்லை.

"என் நிலத்துல ஒரு கொடி உயிரோட இருக்குற வரைக்கும் உங்க இரும்பு அது வழியா போகாது. போய் உங்கம்மாகிட்ட சொல்லு."

யூடித் வந்து சொன்னாள். சொன்னபோது அவள் முகத்தில் சிரிப்பு இருந்தது.

"புரியுதாம்மா? அவரே வழி சொல்லிட்டார். இந்த வருஷமும் அது இப்படியே கெடந்தா, நோய் பரப்புதுன்னு விவசாய ஆபீசுலயே எல்லாத்தையும் பிடுங்கச் சொல்லிடுவாங்க. நாம ஒண்ணும் பண்ண வேண்டாம். சும்மா இருந்தாலே போதும்."

"அது வரைக்கும் நீ இருப்பியா?"

"அடுத்த கிறிஸ்துமஸ் வரைக்கும் இருப்பேன். அதுக்குள்ள வழி பொறக்கலைன்னா தெற்கே ஃபால்ஸ் பக்கம் போறேன். பெரிய கம்பெனி, சமதளம், டிராக்டர்லயே எல்லா வேலையும். எனக்கும் ஒரு முதுகுதாம்மா இருக்கு."

ரோஸ்விதா தலையாட்டினார். ஒரு நிறுவனம் நான்காம் தலைமுறையைத் தாண்ட, வாழ்நாளில் முதல்முறையாக ஒன்றும் செய்யாமல் இருப்பது மட்டுமே அவருடைய வேலை. அதைவிடச் சுலபமான வேலை அவருக்கு எப்போதும் கிடைத்ததில்லை. அதைத்தான் அவரால் செய்ய முடியவில்லை.

ஜனவரியில் தன் ஓரத்துக் கொடிகளைக் கவாத்து செய்துகொண்டே வந்தவர், எல்லைக்கல்லில் நின்றார். அந்தப் பக்கம் முள்ளுக்குள்ளிருந்து யாக்கோப் நட்ட கொடி ஒன்றின் தடித்த கழுத்து தெரிந்தது. முள்ளை மட்டும் விலக்கிப் பார்ப்போம் என்று கை நீட்டினார். விலக்கியாயிற்று, ஒரு வெட்டு வெட்டினால் என்ன? வெட்டியாயிற்று, கட்டாமல் விடுவதா? மோசெல் வழக்கப்படி கொடியை இரண்டு பக்கமும் வளைத்து, கழியோடு இதய வடிவில் கட்டினார். பிறகு பக்கத்துக் கொடி. மார்ச் மாதம் நடுத்துண்டு முழுவதும் சுத்தமாக இருந்தது.

அக்கரையில் ஏவால்ட் பைனாகுலரில் பார்த்தார். முள் போயிருந்தது. தண்டவாளத்துக்கு இடம் ஒதுக்குகிறார்கள் என்று முடிவு செய்து புகார் கொடுத்தார். காவலர் நோர்பெர்ட் மூச்சு வாங்க மேலே ஏறிப் பார்த்துவிட்டு, இறங்கும் வழியில் ரோஸ்விதா வீட்டுக்கு வந்தார்.

"இவ்ளோ நல்லா கவாத்து பண்ணத் தெரிஞ்சவங்க ஊர்ல யாரு இருக்காங்க?"

"பாதிரியாரைத் தவிர எல்லாரும். அவருக்கும் போன வருஷம் சொல்லிக் குடுத்துட்டோம்."

"கையில என்ன இவ்ளோ கீறல்?"

"பூனை."

"உங்க வீட்ல பூனையே இல்லையே."

"கீறுச்சுல்ல, அதான் அனுப்பிட்டேன்."

நோர்பெர்ட் ஒரு கோப்பை ஒயின் குடித்தார், பணி நேரம் என்பதால் சின்னக் கோப்பை. பிறகு நிலையத்துக்குப் போய் 'அடையாளம் தெரியாத' என்று எழுதினார். மிச்ச வர்ணனை அவருடைய சொந்தக் கற்பனை.

யூடித்துக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை.

"ஏம்மா, உனக்கு நான் போகணுமா? நேரா சொல்லிடேன். ஒரே ஒரு வருஷம் கைய வச்சுக்கிட்டுச் சும்மா இருக்கச் சொன்னேன்!"

"இருக்கத்தான் பாத்தேன்."

"எதிராளியோட தோட்டத்த நீயே காப்பாத்திக் குடுத்திருக்க. உலகத்துல எந்தக் கம்பெனியாவது இப்படி நடத்துவாங்களா?"

"தோட்டம் எதிராளியோடது. கொடி என்னடி பண்ணுச்சு?"

அன்று மாலையே யூடித் ஃபால்ஸ் கம்பெனியோடு தொலைபேசியில் நெடுநேரம் பேசினாள். ரோஸ்விதா அடுத்த அறையில் பாத்திரம் துலக்கிக்கொண்டே எல்லாவற்றையும் கேட்டார். கோடையில் சாம்பல் நோய்க்குக் கந்தகத் தூள் அடிக்கும்போது, எல்லைக்கல்லைத் தாண்டி நடுத்துண்டுக்கும் சேர்த்தே அடித்தார். நனைந்தபின் முக்காடு எதற்கு என்ற நிலைமை.

அக்டோபரில் ஹானன்லாய் பழுத்தது. இரண்டு ஓரங்களிலும் பறித்து முடித்தார்கள். நடுவில் பொன்னிறக் குலைகள் தொங்கின. ஸ்டார்லிங் பறவைகள் வட்டமிட்டன. கோபம் ஆறாத யூடித்தே சொன்னாள்: "அதையும் பறிச்சிடலாம். யாருக்குத் தெரியப்போகுது?" ரோஸ்விதா ஒரு பழத்தைக்கூடத் தொட விடவில்லை. வீட்டுக்கு வந்து, தன் குடும்பம் இத்தனை ஆண்டாகச் சுழற்றாத ஓர் எண்ணைச் சுழற்றினார்.

"யாரு?"

"ரோஸ்விதா."

"எந்த ரோஸ்விதா?"

"உன் பெரியப்பா பொண்ணு. உன் கொடிய வெட்டினவ."

எதிர்முனையில் நாற்காலி நகரும் சத்தம். "ஆக, ஒத்துக்கிற."

"போலீஸ்கிட்ட இல்ல, உங்கிட்ட. பழம் பழுத்துக் கெடக்கு ஏவால்ட். சனிக்கிழமை மழைங்கறாங்க. எப்ப பறிக்கப்போற?"

"எனக்கு அங்க பழம் கெடையாது. முள்ளுதான் இருந்துச்சு."

"இப்ப இருக்கு. பைனாகுலரத் தொடச்சுட்டுப் பாரு."

"வெட்டறப்ப எங்கிட்ட கேட்டியா? பறிக்க மட்டும் என்ன கேள்வி?"

"வெட்டறது வேலை. பறிச்சா திருட்டு. வர்றியா, பறவைக்கு விட்டுடவா?"

வெள்ளிக்கிழமை காலை ஏவால்ட் வந்தார், வங்கிக்குப் போவதுபோல் கோட்டும் தொப்பியுமாக. சரிவின் அடியில் சாலையோரச் சுவர்மேல் உட்கார்ந்து பைனாகுலரை எடுத்தார். ஏற முடியாது என்பதால், உட்கார்ந்த இடத்திலிருந்தே மேய்த்தார்.

"மேலே, இடது பக்கம்! ஒரு குலைய விட்டுட்டீங்க!"

"நீ வந்து பறியேன்!" மேலிருந்து ரோஸ்விதாவின் குரல் வந்தது.

முதல் கூடையை இறக்கியது யூடித். இரண்டாவது கூடையோடு வந்தவர் ரோஸ்விதா. குறுகிய கற்படிகளில் பக்கவாட்டில் கால் வைத்து, ஒரு கையால் சுவரைப் பிடித்து, ஒவ்வொரு படிக்கும் இடுப்பைக் கொஞ்சம் தூக்கி இறக்கிக்கொண்டு வந்தார். கடைசிப் பத்துப் படிகளுக்கு ஏவால்ட் பைனாகுலரைக் கீழே வைத்துவிட்டு எழுந்து நின்றார். கூடை தரைக்கு வந்ததும் ஒரு பழத்தைப் பிய்த்து வாயில் போட்டு, கண்ணை மூடி, விதையை உள்ளங்கையில் துப்பிப் பார்த்தார்.

"எங்கப்பா செத்தப்புறம் இந்த ருசி வரல" என்றார். பிறகு யூடித்தைப் பார்க்காமல் யூடித்திடம் கேட்டார்: "அந்த இரும்பு வண்டில ஆளு ஏறலாமா?"

"ஏறலாம்."

"எவ்ளோ எடை தாங்கும்?"

"ரெண்டு ஆள் எடை, அதுக்கு மேல கூடையும்."

"நான் கொஞ்சம் கூடுதலா இருப்பேன்."

"பாத்தாலே தெரியுது."

ஏவால்ட் தொப்பியைக் கழற்றி உள்பக்கத்தைப் பார்த்தார். "வரிசைக்கு நடுவுல போடு. ஒரு கொடி சாகக் கூடாது. பழத்துக்கு விலை ஊருல என்ன உண்டோ அது. வாரத்துக்கு ஒருதரம் என்னை உச்சி வரைக்கும் கூட்டிட்டுப் போகணும்."

ரோஸ்விதாவால் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்க முடியவில்லை. "ஒரு கொடி உயிரோட இருந்தாலும் இரும்பு போகாதுன்னியே?"

"அது கோவத்துல சொன்னது. நீ எந்தக் கோவத்துல வெட்டின?"

"கோவமெல்லாம் இல்ல. பாத்துட்டு நிக்கத் தெரியல."

"உங்கப்பனுக்கும் அதேதான்" என்றார் ஏவால்ட். பாராட்டா குறையா என்று யாருக்கும் தெரியவில்லை. மழை சனிக்கிழமைதான் வந்தது. அதற்குள் நடுத்துண்டு முழுவதும் பறித்தாயிற்று.

கிறிஸ்துமஸுக்கு முன்பே யூடித் ஃபால்ஸ் கம்பெனிக்கு வரவில்லை என்று சொல்லிவிட்டாள். ஏப்ரலில் தண்டவாளம் உச்சியைத் தொட்டது. அக்டோபரில் பறித்த நடுத்துண்டுப் பழத்தை யூடித் தனிப் பீப்பாயில் நொதிக்கவைத்திருந்தாள். கோபன்ஹேகன்காரர்கள் அதையே முழுவதும் கேட்டார்கள். ஏவால்ட் பாதியை ஊரிலேயே விற்கவேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார். அவரும் யூடித்தும் அதற்காக வாரம் ஒருமுறை உச்சியில் சண்டை போடுகிறார்கள், ரோஸ்விதாவும் இடையில் புகுந்துகொள்கிறார். சண்டை போடுவதற்காவது மூன்று ஹில்ஷைட்டுகள் ஒரே சரிவில் நிற்கிறார்கள்.

ரோஸ்விதா செய்தது இவ்வளவுதான்: தனக்குப் பகையான ஒருவரின் கொடிகளை, அவை செத்தால் தனக்கு லாபம் என்று தெரிந்தும், கேட்காமல் கவாத்து செய்து கட்டினார், பழுத்தபோது தொடாமல், உரியவரைக் கூப்பிட்டார்.